ஏறியது எது? இறங்கியது எது?
(கடைப் பேச்சில் திசை காட்டும் சொற்கள் – ஒரு பாடம்)



எடைக்கல் சரியாக இருக்கிறதா என்று நாம் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை முத்திரை வைத்துப் பார்க்கிறோம். தராசு ஆடாமல் நிற்கிறதா என்று தினமும் பார்க்கிறோம். ஆனால் தராசைவிட அதிகமாக நாம் நாள் முழுவதும் பயன்படுத்துகிற ஒன்று இருக்கிறது. அதுதான் நம் பேச்சு. மேலே, கீழே, முன்னே, பின்னே, ஏறியது, இறங்கியது, வந்தது, போனது என்று காலை முதல் இரவு வரை திசை காட்டும் சொற்களை வைத்தே வியாபாரம் நடத்துகிறோம். இந்தச் சொற்களுக்கு முத்திரை கிடையாது. சொல்பவர் ஒரு பொருளில் சொல்ல, கேட்பவர் வேறு பொருளில் எடுத்துக்கொண்டால் நஷ்டம் ரூபாயில்தான் வரும். அதனால்தான் இந்தப் பாடம்.

முதலில் ஒரு விளக்கம். இலக்கணத்தில் 'திசைச்சொல்' என்றால் பிற நிலப்பகுதிகளிலிருந்து தமிழுக்கு வந்து வழங்கும் சொல் என்று பொருள். நாம் இங்கே பேசப்போவது அதுவல்ல. திசையையும் இடத்தையும் காட்டும் அன்றாடச் சொற்களைப் பற்றித்தான்.

வரவும் செலவும் திசைகளே

நம் பேரேட்டின் இரண்டு பக்கங்களுக்கும் வைத்திருக்கும் பெயரைப் பாருங்கள். வருவது வரவு. செல்வது செலவு. இரண்டுமே நடையைக் குறிக்கும் சொற்கள். பணம் நம்மை நோக்கி நடந்தால் வரவு, நம்மை விட்டு நடந்தால் செலவு.

தொல்காப்பியம் சொல்லதிகாரத்தில் செலவு, வரவு, தரவு, கொடை என்ற நான்கு சொற்களையும் ஒன்றாக வைத்து, எது யாரை நோக்கிய சொல் என்று பிரித்துச் சொல்லியிருக்கிறார்கள். வருவதும் தருவதும் தன்மை, முன்னிலைக்கு உரியவை. அதாவது எனக்கும் உனக்கும். செல்வதும் கொடுப்பதும் படர்க்கைக்கு உரியவை, அதாவது அவனுக்கு. "எனக்குத் தா", "அவனுக்குக் கொடு" என்று சொல்லும்போது இன்றும் இந்த ஒழுங்கு ஓரளவு நம் காதில் நிற்கிறது.

இதில் வியாபாரிக்கு என்ன பாடம்? வரவு என்பது நிற்கும் இடத்தைப் பொறுத்தது. நமக்கு வரவானது எதிர்க்கடைக்காரருக்குச் செலவு. "ஐயாயிரம் வரவு வைத்தாச்சு" என்று ஒரு பையன் தொலைபேசியில் சொன்னால், யார் கணக்கில், யாருடைய ஏட்டில் என்று கேட்காமல் விடக்கூடாது. மொத்த வியாபாரிக்கும் சில்லறை வியாபாரிக்கும் ஆண்டு முடிவில் வரும் கணக்குத் தகராறுகளில் பல, கூட்டல் பிழையால் வருவதல்ல; எந்தப் பக்கம் நின்று பேசினார்கள் என்பதில் வருவதுதான்.

கடை வாசலில் வாடிக்கையாளரை "வாங்க" என்கிறோம். அது வாருங்கள் என்பதன் பேச்சு வடிவம். சரக்கு வாங்க வந்தவரையும் அதே ஒலியில் "வாங்க வந்திருக்கார்" என்கிறோம். வருகையும் வாங்குதலும் நம் வாயில் ஒன்றாகவே ஒலிக்கின்றன. விடைபெறும்போது யாரும் "போகிறேன்" என்பதில்லை, "போயிட்டு வர்றேன்" என்றுதான் சொல்வது. ஒருமுறை வந்தவர் மறுமுறையும் வரவேண்டும் என்பது நம் மொழியிலேயே இருக்கிறது.

மேற்கு ஏன் மேல், கிழக்கு ஏன் கீழ்?

நம் புதுக்கோட்டை நகரின் வீதிகளை வெளியூர் லாரி ஓட்டுநருக்கு விளக்கிப் பார்த்தவர்களுக்குத் தெரியும். கீழ ராஜ வீதி, மேல ராஜ வீதி, வடக்கு ராஜ வீதி, தெற்கு ராஜ வீதி, அப்புறம் கீழ 2-ஆம் வீதி, மேல 3-ஆம் வீதி, தெற்கு 4-ஆம் வீதி என்று திசையும் எண்ணுமாக அடுக்கிய வீதிகள். மேல வீதி மேட்டிலும் இல்லை, கீழ வீதி பள்ளத்திலும் இல்லை. மேல் என்றால் மேற்கு, கீழ் என்றால் கிழக்கு. தமிழ் தெரிந்த வெளிமாவட்டத்துக்காரர்கூட இதில் தடுமாறுவார். வடமாநில ஓட்டுநரைக் கேட்க வேண்டியதில்லை.

இந்தப் பெயர் வந்த காரணம் தமிழ்நாட்டின் நில அமைப்பு. மேற்கே மலைத்தொடர், கிழக்கே கடல். நிலம் மேற்கிலிருந்து கிழக்காகச் சரிகிறது. நம் மாவட்டத்தில் வெள்ளாறு கிழக்கு நோக்கித்தான் கடலுக்குப் போகிறது. மீமிசலும் கோட்டைப்பட்டினமும் கட்டுமாவடியும் கீழ்ப்பக்கம். பொன்னமராவதியும் இலுப்பூரும் மேல்பக்கம். உயர்ந்த பக்கம் மேற்கு, தாழ்ந்த பக்கம் கிழக்கு என்பது நம் கண்ணுக்குச் சரியாகவே இருக்கிறது.

கேரளத்துக்குப் போனால் நிலம் தலைகீழ். மலை கிழக்கே, கடல் மேற்கே. ஆனாலும் மலையாளத்தில் கிழக்கைக் 'கிழக்கு' என்றே சொல்கிறார்கள். மேற்குக்கு மட்டும் 'படிஞ்ஞாறு', அதாவது ஞாயிறு படியும் திசை என்று சொல்கிறார்கள். 1856-இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை வெளியிட்ட கால்டுவெல், இந்தச் சொல்லை வைத்துத்தான் மலையாளத்தாரின் முன்னோர் மலைக்கு இந்தப் பக்கமிருந்து போயிருக்க வேண்டும் என்று கருதினார். ஒரு சொல் தான் பிறந்த ஊரின் மேடுபள்ளத்தைத் தன்னோடு தூக்கிக்கொண்டே போகிறது.

நம் கிராமத்து வாடிக்கையாளர்கள் இன்றும், "அந்த டப்பாவைக் கொஞ்சம் கெழக்கால தள்ளி வையி", "தெக்கால இருக்கிற மூட்டையைப் பிரி" என்று கடைக்குள்ளேயே திசை சொல்வார்கள். நகரத்துப் பிள்ளைகள் இடது, வலது என்பார்கள். எரிக் பெடர்சன் என்ற மொழியியல் ஆய்வாளர் 1990-களில் மதுரைப் பக்கத்துத் தமிழரிடம் இதே வேறுபாட்டை ஆராய்ந்து எழுதியிருக்கிறார். கிராமத்தார் வடக்கு தெற்கு என்றும், நகரத்தார் இடம் வலம் என்றும் சொல்வதை அவர் குறித்தார்.

இரண்டிலும் குறை நிறை உண்டு. இடம் வலம் என்பது ஆள் திரும்பினால் மாறிவிடும். எதிரெதிரே நிற்கும் இருவரில் ஒருவருக்கு இடம் மற்றவருக்கு வலம். கிழக்கு மேற்கு மாறாது. ஆனால் மூடிய கிட்டங்கிக்குள் வெளியூர்ப் பையனுக்கு எது கிழக்கு என்றே தெரியாது. இதற்கு வழி சுலபம். கிட்டங்கியின் நான்கு சுவரிலும் திசையைப் பெரிய எழுத்தில் எழுதி, அடுக்குகளுக்கு எண் போட்டு விடுங்கள். ஒரு டப்பா பெயிண்ட் செலவு. "வடக்குச் சுவர், 3-ஆம் அடுக்கு" என்றால் யாரும் எடுக்கலாம்.

ஏறுவதும் இறங்குவதும்

இனி நஷ்டம் வரும் இடத்துக்கு வருவோம். நம் தொழிலில் 'ஏறு', 'இறங்கு' என்ற இரு சொற்களும் இரண்டு வேலை செய்கின்றன. சரக்கு லாரியில் ஏறும், இறங்கும். விலையும் ஏறும், இறங்கும். "புளி இறங்கிடுச்சு" என்றால் லோடு இறங்கியதா, விலை இறங்கியதா?

நமக்குத் தெரிந்த ஒரு சில்லறை வியாபாரி, ஆலங்குடிப் பக்கத்துக்காரர். வத்தல் மிளகாய் பத்து மூட்டைக்குச் சொல்லியிருந்தார். அனுப்பும் கடையிலிருந்து பையன் தொலைபேசியில், "மிளகாய் ஏறிடுச்சு அண்ணே" என்று சொல்லி வைத்துவிட்டான். மூட்டைகள் லாரியில் ஏறிவிட்டன என்பதுதான் அவன் சொன்னது. இவர் விலை ஏறிவிட்டது என்று எடுத்துக்கொண்டு, இன்னும் ஏறுவதற்குள் பிடித்துவிடலாம் என்று வேறு இடத்தில் பத்து மூட்டை பேசி முன்பணமும் கட்டிவிட்டார். மாலையில் பத்து மூட்டை வந்து இறங்கியது. மறுநாள் இன்னொரு பத்து. அது ஐப்பசி மாதம். மழை ஈரத்தில் வத்தல் நிறம் மங்கிப் பூசணம் பிடித்து, கடைசி மூட்டைகளை வந்த விலைக்குத் தள்ளினார். ஒரே ஒரு சொல் கூடுதலாகச் சொல்லியிருந்தால் அந்தப் பணம் வீட்டில் இருந்திருக்கும். "லோடு ஏறியது" என்றோ "விலை ஏறியது" என்றோ சொல்லவேண்டும். வெறும் 'ஏறியது' கூடாது.

முன்னும் பின்னும்

இடத்தில் 'முன்' என்றால் நம் முகத்துக்கு எதிரே. காலத்தில் 'முன்' என்றால் கடந்துபோனது. "கடைக்கு முன்னாடி" என்பது எதிரில். "நாலு நாள் முன்னாடி" என்பது கழிந்த நாள். ஆனால் 'முன்னேற்றம்' என்றால் இனி வரப்போவது. ஒரே சொல் மூன்று பக்கம் பார்க்கிறது.

பில்லுக்கான காசோலையைப் பற்றிப் பேசும்போது ஒருவர், "தேதியைக் கொஞ்சம் முன்னே தள்ளிப் போட்டுக்கிறேன்" என்கிறார். தள்ளி என்பதால் தாமதமாக என்று அவர் நினைக்கிறார். முன்னே என்பதால் சீக்கிரமாக என்று கேட்டவர் நினைக்கிறார். வங்கியில் பணம் எதிர்பார்த்து அவர் வேறொருவருக்குக் காசோலை கொடுத்துவிட்டால், சங்கிலியாக இரண்டு காசோலைகள் திரும்பும். காசோலை திரும்புவது இன்று சின்ன விஷயமல்ல. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆம் பிரிவு 1989 ஏப்ரல் முதல் நடைமுறையில் இருக்கிறது. போதிய பணமின்றிக் காசோலை திரும்பிய தகவல் கிடைத்த 30 நாட்களுக்குள் அறிவிப்பு அனுப்பலாம். அறிவிப்புப் பெற்ற 15 நாட்களுக்குள் பணம் கட்டாவிட்டால் வழக்கு. காசோலையின் ஆயுளும் 2012 ஏப்ரல் முதல் தேதியிலிருந்து மூன்று மாதம்தான். ஆகவே முன்னே பின்னே என்ற பேச்சே வேண்டாம். "15-ஆம் தேதி போட்ட காசோலை" என்று எண்ணைச் சொல்லுங்கள்.

'அடுத்த வெள்ளி'யும் இப்படித்தான். புதன்கிழமை சொன்னால் நாளை மறுநாளா, அதற்கு அடுத்த வாரமா? 'வர்ற வெள்ளி' என்று சிலர் பிரித்துச் சொல்வார்கள். எல்லோரும் பிரிப்பதில்லை. அதற்கும் தேதியே மருந்து.

மேலேயா, உள்ளேயா?

விலை பேசும்போது "வரி மேலே" என்றால் சொன்ன விலைக்குமேல் வரி தனி. "வரி உள்ளே" என்றால் சொன்ன விலையிலேயே வரி அடக்கம். 5 சதவீத வரியுள்ள ஒரு பெட்டி ஆயிரம் ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். வரி மேலே என்றால் பில் ரூ.1,050. வரி உள்ளே என்றால் பில் ரூ.1,000, அதில் சரக்கு ரூ.952.38, வரி ரூ.47.62. நூறு பெட்டிக்கு பில்லில் ரூ.5,000 வித்தியாசம். இணக்க முறையில் பதிவு செய்துள்ள சிறு வியாபாரிக்கு உள்ளீட்டு வரி திரும்பக் கிடைக்காது என்பதால், இந்த ஐயாயிரமும் அவர் கைப்பணம். 'ஆயிரம்' என்று கேட்டதும் தலையாட்டாமல், மேலேயா உள்ளேயா என்று ஒரு கேள்வி கேட்பது நல்லது.

மூட்டையிலும் மேல், கீழ் உண்டு. வாய்ப்பக்கம் பார்த்த அரிசியே அடியிலும் இருக்கும் என்று நம்பாமல் குத்தூசியால் நடுவிலும் அடியிலும் எடுத்துப் பார்ப்பது நம் பெரியவர்கள் வைத்த வழக்கம். சொல்லையும் அப்படியே நடுவிலும் அடியிலும் குத்திப் பார்க்க வேண்டும் என்பதுதான் நாம் சொல்வது.

மறைத்துப் பேசும் மொழி

இதுவரை புரியவேண்டும் என்று பேசிப் புரியாமல் போனதைப் பார்த்தோம். புரியக்கூடாது என்றே பேசுவதும் வணிகத்தில் பழையது. நன்னூல் இதைக் குழூஉக்குறி என்று வகைப்படுத்துகிறது. ஒரு கூட்டத்தார் தங்களுக்குள் மட்டும் வழங்கும் சொல். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதும், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்பதும் இலக்கண ஆசிரியர்கள் காட்டும் உதாரணங்கள்.

இலண்டன் நகரத் தெரு வியாபாரிகளும் இப்படி ஒரு மொழி வைத்திருந்தார்கள். 1859-இல் ஹாட்டன் என்பவர் வெளியிட்ட கொச்சைச் சொல் அகராதியில் அது பதிவாகியிருக்கிறது. சொல்ல வந்த சொல்லுக்கு எதுகையாக ஒலிக்கும் ஒரு தொடரைச் சொல்வது அதன் முறை. மாடிப்படிக்கு ஆங்கிலத்தில் 'ஸ்டேர்ஸ்'. அதற்கு ஒலி பொருந்த 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' என்பார்கள். நாளடைவில் ஒலி பொருந்தும் பின்பாதியையும் விட்டுவிட்டு 'ஆப்பிள்ஸ்' என்று மட்டும் சொல்வார்கள். மேலே ஏறுவதற்கு ஆப்பிள் பழத்தில் ஏறுவதாகச் சொன்னால் வெளியாளுக்கு என்ன புரியும்? சொல்லைப் பின்னாலிருந்து திருப்பிச் சொல்லும் வழக்கமும் அவர்களுக்கு உண்டு. 'பென்னி' என்ற காசு 'யெனெப்' ஆகிவிடும். நம் சிறுபிள்ளைகள் எழுத்துக்கு எழுத்து 'க' சேர்த்து, விலை என்பதைக் 'கவிகலை' என்று பேசி விளையாடுவதும் இதன் தங்கைதான்.

நம்மிடம் எதுகைச் சொற்கள் வேறு விதமாக இருக்கின்றன. 'காசு கீசு', 'சரக்கு கிரக்கு', 'பாக்கி கீக்கி' என்கிறோம். இவை எதையும் மறைப்பதில்லை. ஆனால் பொருளை லேசாக்கிவிடுகின்றன. "பாக்கி கீக்கி ஏதாவது தர்றீங்களா?" என்று கேட்டால், கொடுக்காவிட்டாலும் பரவாயில்லை என்று கேட்பவரே சொன்னதுபோல் ஆகிறது. வசூலுக்குப் போகும் பையன்களுக்கு இதைச் சொல்லிக் கொடுங்கள். பாக்கியைப் பாக்கி என்றே கேட்க வேண்டும், தொகையோடு கேட்க வேண்டும்.

மணப்பாறை போன்ற மாட்டுச் சந்தைகளில் தரகர்கள் துண்டுக்கு அடியில் விரலைப் பிடித்து விலை பேசுவதை நம்மில் பலர் பார்த்திருப்போம். அங்கே வாய்ச் சொல்லே கிடையாது. நெல் அளக்கும்போது 'ஒன்று' என்னாமல் 'லாபம்' என்று தொடங்கி, பிறகு இரண்டு, மூன்று என்று எண்ணுவதும், விளக்கை 'அணை' என்னாமல் 'குளிர வை' என்பதும் மங்கல வழக்கு. அவை மறைப்பதற்காக அல்ல, மனத்துக்காக.

ஒரு காலத்தில் ஊரறிந்த சொல்லே பின்னால் மறைசொல்லாகிவிடுவதும் உண்டு. பலம் என்றால் 35 கிராம், வீசை என்றால் 1,400 கிராம். மெட்ரிக் எடை வந்து அறுபது ஆண்டுகளுக்கு மேலாகிறது. ஒரு பாட்டி வந்து "அரைப் பலம் பெருங்காயம்" என்றால், பதினேழரை கிராம் என்று கல்லாவில் இருக்கும் பிள்ளைக்குத் தெரிய வேண்டாமா? நம் புதுக்கோட்டை சமஸ்தானத்து அம்மன் காசு அணாவுக்கு 20, அதாவது ரூபாய்க்கு 320 என்பதையும் இன்று விளக்கித்தான் சொல்ல வேண்டியிருக்கிறது.

அடக்க விலைக்கு ஒரு குறி

கடைக்காரர் அடக்க விலையைப் பெட்டியின்மேல் குறித்து வைப்பது அவசியம். அதை எண்ணாகவே எழுதினால் எல்லோரும் படிப்பார்கள். இதற்குப் பழைய வழி, எழுத்து திரும்ப வராத பத்து எழுத்துத் தொடர் ஒன்றைத் தேர்ந்துகொள்வது. உதாரணமாக 'நாணயமே பெரும் சொத்து'. நா-1, ண-2, ய-3, மே-4, பெ-5, ரு-6, ம்-7, சொ-8, த்-9, து-0. அடக்கம் 46 என்றால் 'மேரு'. 250 என்றால் 'ணபெது'. 385 என்றால் 'யசொபெ'. இதை இங்கே அச்சிட்டுவிட்டபடியால் இதையே வைத்துக்கொள்ளாதீர்கள். உங்கள் தொடரை நீங்களே அமைத்து, வீட்டில் இன்னொருவருக்கும் சொல்லி வையுங்கள்.

ஒரு எல்லை மட்டும் மறக்கக்கூடாது. அடக்க விலை நம்முடையது, அதை மறைக்கலாம். விற்கும் விலை, எடை, தேதி ஆகியவை வாடிக்கையாளருடையவை. அவற்றில் குறிமொழி கூடாது. அவர் எதிரில் நின்றுகொண்டு நாமும் பையனும் புரியாத மொழியில் பேசினால், அது விலையைப் பற்றியதாக இல்லாவிட்டாலும், நம்மை ஏமாற்றுகிறார்கள் என்றே அவர் நினைப்பார். அந்த நினைப்பு ஒருமுறை வந்தால் ஆள் திரும்பி வரமாட்டார்.

கடையில் ஒட்டி வைக்க

1. ஏறியது, இறங்கியது என்று சொல்லும்போது 'லோடு' அல்லது 'விலை' என்று முன்னால் சேர்த்துச் சொல்லவும்.
2. முன்னே, பின்னே, அடுத்த என்பவற்றுக்குப் பதிலாகத் தேதி சொல்லவும்.
3. விலை கேட்டால் வரி மேலேயா, உள்ளேயா என்று கேட்கவும்.
4. வரவு என்றால் யார் ஏட்டில் என்று கேட்கவும்.
5. வீதியின் திசையோடு எண்ணையும், பக்கத்து அடையாளத்தையும் சொல்லவும்.
6. தொலைபேசியில் கேட்டதைத் திருப்பிச் சொல்லிச் சரிபார்த்த பிறகே வைக்கவும்.

பழைய நாளில் தமிழ் வணிகக் குழு ஒன்றுக்குத் 'திசை ஆயிரத்து ஐந்நூற்றுவர்' என்று பெயர். நம் மாவட்டத்துக் கொடும்பாளூரில் மணிக்கிராமத்து வணிகர்கள் இருந்தார்கள். ஐந்நூற்றுவரின் தமிழ்க் கல்வெட்டு 1088-ஆம் ஆண்டில் சுமத்ரா தீவின் பரூஸ் பகுதியில் வெட்டப்பட்டிருக்கிறது. பல மொழி பேசும் பல திசைகளில் அவர்கள் கடன் கொடுத்து வாங்கி வணிகம் செய்தார்கள். சொன்ன சொல் சொன்னவருக்கும் கேட்டவருக்கும் ஒன்றாக இருந்திராவிட்டால் அது நடந்திருக்காது. நமக்குக் கடல் தாண்ட வேண்டியதில்லை. அறந்தாங்கிக்கும் கீரனூருக்கும் பேசினால் போதும். அந்தப் பேச்சு சரியாக இருக்கட்டும்.

பயிற்சி: இன்று இரவு கடை எடுத்து வைக்கும் முன், வேலை பார்க்கும் பிள்ளைகளை நிற்க வைத்து, "சர்க்கரை இறங்கிடுச்சு" என்று சொல்லி, என்ன புரிந்தது என்று தனித்தனியே கேட்டுப் பாருங்கள். இரண்டு விதமான பதில் வந்தால், மேலே கண்ட ஆறு வரிகளையும் எழுதிக் கல்லாவுக்கு அருகில் ஒட்டிவிடுங்கள்.